ஒத்தி மீட்பில் பாக்கி எவ்வளவு? ஒரு நஞ்சை நில வழக்கு, தொடக்கம் முதல் சுவாதீனம் வரை

பின்னணி

காவிரிப் படுகையில் ஆற்றுப் பாசனம் உள்ள ஒரு கிராமம். நிலம் 4 மா நஞ்சை, அதாவது 1 ஏக்கர் 32 சென்ட். உரிமையாளர் 1994 ஜூனில் அதை ₹40,000-க்கு ஒத்தி வைத்தார், அதாவது நிலத்தை அனுபவிக்கக் கொடுத்து அடமானக் கடன் வாங்கினார். இரண்டு சாட்சிகளோடு எழுதப்பட்ட பத்திரம் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவானது. கெடு 5 ஆண்டு. நிலம், பணம் கொடுத்த ஒத்திக்காரர் சுவாதீனத்துக்குப் போனது. கிஸ்தி (நிலவரி) கட்டுவதும் வரப்பு, வாய்க்கால் பராமரிப்பும் அவர் பொறுப்பு. அசலுக்கு வட்டி கிடையாது; வட்டிக்குப் பதிலாக மகசூலை அவர் அனுபவித்துக்கொள்வார். கெடு முடிந்தபின் ஏதாவது ஓர் ஆனி மாதத்தில், வயலில் பயிர் இல்லாதபோது, ₹40,000-ஐக் கொடுத்து நிலத்தை மீட்டுக்கொள்ளலாம்.

1997 ஜூனில் மகள் திருமணத்துக்காக அதே ஒத்திக்காரரிடம் அதே நிலத்தின் மேல் இன்னொரு கடனாக ₹20,000 மேலொத்தி வாங்கப்பட்டது. இதுவும் பதிவான பத்திரம். ஆனால் இதில் நூற்றுக்கு மாதம் ஒரு ரூபாய், அதாவது ஆண்டுக்கு 12 சதவீதம் தனிவட்டி என்று எழுதியிருந்தது. வட்டியை மீட்கும்போது அசலோடு சேர்த்துத் தர வேண்டும். 2001-ல் இன்னொரு ₹15,000 கைமாறியது. அதற்கு இருந்தது உரிமையாளர் கையெழுத்திட்ட ஒரு வெள்ளைத்தாள் மட்டுமே.

2008-ல் உரிமையாளர் இறந்தார். மனைவி, இரண்டு மகன்கள், ஒரு மகள் வாரிசுகள். 2012-ல் ஒத்திக்காரர் வயலில் ஆழ்துளைக் கிணறு போட்டு மின் இணைப்பைத் தன் பெயரில் வாங்கினார். 2017-ல் இளைய மகன் போய் நிலத்தைக் கேட்டபோது கிடைத்த பதில்: "தம்பி, ஒங்கப்பா இருக்கும்போதே கிரயம் பேசி முடிச்சாச்சு. நீங்க அப்ப சின்னப் புள்ளைங்க."

குடும்பத்தாரிடம் அப்போது இரண்டு நம்பிக்கைகள் இருந்தன. 12 ஆண்டு தாண்டிவிட்டால் நிலம் அனுபவிப்பவருக்கே போய்விடும் என்ற பயம் ஒன்று. இருபது வருடத்துக்கு மேல் மகசூல் சாப்பிட்டவருக்கு இனிமேல் என்ன கடன் பாக்கி என்ற துணிவு மற்றது. இரண்டுமே தவறு. இரண்டாவதுதான் அதிக ஆபத்தானது. அதை நம்பிப் பணமே கட்டாமல் வழக்குப் போட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பது கீழே வரும் கணக்கில் தெரியும்.

ஆவணங்களில் கண்டவை

முதலில் 1990 முதல் அன்றைய தேதி வரை வில்லங்கச் சான்று எடுக்கப்பட்டது. 1994, 1997 ஆகிய இரண்டு அடமானப் பதிவுகள் தவிர வேறெதுவும் அதில் இல்லை. கிரயமும் இல்லை, அடமான ரத்து ரசீதும் இல்லை. அசல் பத்திரங்கள் ஒத்திக்காரரிடம் இருந்ததால் இரண்டுக்கும் சான்றிட்ட நகல் வாங்கப்பட்டது. பட்டா இறந்தவர் பெயரிலேயே இருந்தது. அடங்கலில் (கிராமச் சாகுபடிப் பதிவேட்டில்) மட்டும் சாகுபடிதாரர் பெயராக ஒத்திக்காரர் பெயர் ஏறியிருந்தது. ஒத்தி நிலத்தில் அது இயல்பு. யார் உழுகிறார் என்பதற்கு அது சான்று, யாருக்குச் சொந்தம் என்பதற்கு அல்ல.

காலவரையறை விஷயம் விரைவில் தீர்ந்தது. 1963 காலவரையறைச் சட்டத்தின் 61-வது இனப்படி அடமானத்தை மீட்க 30 ஆண்டு உண்டு, அதுவும் மீட்கும் உரிமை பிறந்த நாளிலிருந்து. 1999 ஜூனில் கெடு முடிந்ததால் 2029 வரை அவகாசம் இருந்தது. சுவாதீன அடமானத்தில் பத்திரத் தேதியிலிருந்து காலம் ஓடாது, அடமானத் தொகை தீரும்போதோ செலுத்தப்படும்போதோதான் ஓடத் தொடங்கும் என்று உச்ச நீதிமன்றம் சிங் ராம் எதிர் ஷியோ ராம் வழக்கில் 2014-ல் சொல்லிவிட்டது. 12 ஆண்டுக் கதை எதிரிடை அனுபவத்துக்கு, அதாவது உரிமையாளரின் சம்மதமின்றி அவருக்கு எதிராக அனுபவித்து வருவதற்கு, உரியது. ஒத்தியாக நுழைந்தவர் உரிமையாளரின் சம்மதத்தோடு நுழைந்தவர். எத்தனை வருடம் இருந்தாலும் ஒத்திக்காரராகவே இருக்கிறார்.

பத்திரங்களை வரி வரியாகப் படித்ததில் வழக்கைத் தீர்மானிக்கும் மூன்று வாசகங்கள் கிடைத்தன.

முதலாவது, 1994 பத்திரத்தின் "வட்டிக்குப் பதிலாக மகசூல்" என்ற வாசகம். சுவாதீனத்தில் இருக்கும் அடமானதாரர் (அடமானம் பெற்றவர், இங்கே ஒத்திக்காரர்) வரவு செலவுக் கணக்கு வைக்க வேண்டும், நிகர வரவை வட்டியிலும் பிறகு அசலிலும் கழிக்க வேண்டும் என்று 1882 சொத்து மாற்றுச் சட்டத்தின் 76-வது பிரிவு சொல்கிறது (கீழே வரும் பிரிவு எண்களும் இந்தச் சட்டத்தவையே). வட்டிக்கு ஈடாக வருமானம் என்று ஒப்பந்தம் இருந்தால் 77-வது பிரிவு அந்தக் கணக்குக் கடமையை நீக்கிவிடுகிறது. ஆக, எத்தனை போகம் விளைந்திருந்தாலும் ₹40,000 அசல் அப்படியே நிற்கும்.

இரண்டாவது, 1997 பத்திரத்தின் தனிவட்டி வாசகம். 20,000-க்கு மாதம் ₹200.

மூன்றாவது, அதே பத்திரத்தின் கடைசிப் பக்கத்தில் இருந்த "முந்தைய ஒத்தியோடு சேர்த்தே மீட்டுக்கொள்வது" என்ற வரி. ஒரே அடமானதாரரிடம் இரண்டு அடமானம் இருந்தால் ஒன்றை மட்டும் தனியாக மீட்க 61-வது பிரிவு இடம் தருகிறது, மாறான ஒப்பந்தம் இல்லாதவரை. இங்கே மாறான ஒப்பந்தம் இருந்தது. ₹40,000-ஐ மட்டும் கட்டி நிலத்தைக் கேட்கும் வழி அந்த ஒற்றை வரியால் அடைபட்டது.

நேரில் கொடுத்துப் பார்த்தது

2018 மே மாதம் குடும்பத்தார் ஊர்ப் பெரியவர்கள் இருவரை அழைத்துக்கொண்டு ₹40,000 ரொக்கத்தோடு ஒத்திக்காரர் வீட்டுக்குப் போனார்கள். அவர் வாங்க மறுத்தார். "நாங்கள் கொடுத்தோம், அவர்தான் வாங்கவில்லை, அன்றோடு வட்டி நின்றுவிட்டது" என்று வாதிட வேண்டும் என்பது மூத்தவர்களின் விருப்பம். அந்த வாதம் வைக்கப்படவில்லை. கொடுக்க முன்வந்த தொகை முழுத் தொகையாக இருந்தால்தான் அது சட்டப்படியான செலுத்துகை. குறைந்த தொகையைக் கொண்டுபோய் நீட்டியதை நீதிமன்றத்தில் பெரிதாகப் பேசினால், எதிர்த் தரப்பு முதல் கேள்வியிலேயே மேலொத்தியைக் காட்டும். அதன்பின் மற்ற சாட்சியத்தின் மதிப்பும் குறையும். தொகையைத் தரத் தயார் என்று வழக்கறிஞர் அறிவிப்பு அனுப்புவதும் செலுத்துகை ஆகாது என்பதால், அறிவிப்பு அனுப்பியதோடு நிற்காமல் நீதிமன்ற வைப்பீட்டுக்குப் போவதென முடிவானது.

வைப்பீடு: எவ்வளவு, ஏன்

கெடு முடிந்த அடமானத்தில் பாக்கியுள்ள தொகையை, மீட்பு வழக்குப் போடக்கூடிய நீதிமன்றத்தில் அடமானதாரர் கணக்கில் வைப்பீடு செய்ய 83-வது பிரிவு வழி தருகிறது. நீதிமன்றம் அவருக்கு அறிவிப்பு அனுப்பும். அவர் அந்தத் தொகையை முழுத் தீர்வாக ஏற்று, பத்திரங்களை ஒப்படைத்து, பணத்தை எடுத்துக்கொள்ளலாம். மறுத்தால் அந்த மனுவிலேயே தகராறு தீராது, தனி வழக்குத்தான். அப்படியிருந்தும் இந்த வைப்பீட்டை வழக்குக்கு முன்பே செய்ததற்கு இரண்டு காரணங்கள். 84-வது பிரிவுப்படி வட்டி நிற்கும். அதைவிட முக்கியம், 76-வது பிரிவின் (i) உட்பிரிவு: அடமானதாரர் பணத்தை நீதிமன்றத்திலிருந்து எடுத்திருக்கக்கூடிய நாள் முதல், நிலத்தின் வரவுக்கு அவர் கணக்குச் சொல்ல வேண்டும், அதற்குப் பிந்திய செலவு எதையும் கழிக்கவும் முடியாது. "வட்டிக்குப் பதில் மகசூல்" என்ற பாதுகாப்பை 77-வது பிரிவு (b), (d), (g), (h) உட்பிரிவுகளுக்கு எதிராகத்தான் தருகிறது; (i) அந்தப் பட்டியலில் இல்லை. அதுவரை கணக்கே கேட்க முடியாத ஒத்திக்காரரைக் கணக்குக்குள் கொண்டுவருவது இந்த வைப்பீடு ஒன்றுதான். மீட்பு வழக்குகளில் இதற்குக் கிடைக்கும் கவனம் மிகக் குறைவு.

தொகை இப்படிக் கணக்கிடப்பட்டது. முதல் ஒத்தி ₹40,000. மேலொத்தி ₹20,000. 1997 ஜூன் முதல் 2018 ஜூன் வரை 21 ஆண்டு வட்டி, ஆண்டுக்கு ₹2,400 வீதம் ₹50,400. மொத்தம் ₹1,10,400.

இதோடு இன்னொரு ₹1,200 சேர்க்கப்பட்டது. முன்னதாக நேரடிச் செலுத்துகை இல்லாதபோது, பணம் கட்டிய நாளில் வட்டி நிற்காது. அறிவிப்பு அடமானதாரருக்குச் சார்வு செய்யப்பட்ட (முறைப்படி சேர்ப்பிக்கப்பட்ட) பிறகே நிற்கும். அறிவிப்புப் போய்ச் சேர மாதங்கள் ஆகலாம். அந்த இடைவெளி வட்டிக்குப் பணம் இல்லையென்றால் வைப்பீடு சில நூறு ரூபாயால் குறைந்துபோகும், குறை வைப்பீடு என்ற ஆட்சேபம் வரும். ஆகவே 6 மாத வட்டி முன்கூட்டியே சேர்ந்து ₹1,11,600 கட்டப்பட்டது.

மேலொத்தி வட்டி அதன் அசலைப்போல் இரண்டரை மடங்கு ஏறிவிட்டதே, 1938 தமிழ்நாடு விவசாயிகள் நிவாரணச் சட்டத்தின் கீழ் வட்டிக் குறைப்புக் கேட்டால் என்ன என்ற யோசனையும் எழுந்தது. வாதத்துக்கு இடம் இருந்தது. ஆனால் அந்த வாதத்தை நம்பிக் குறைத்துக் கட்டி, பிறகு தோற்றால் வைப்பீடு முழுவதும் பயனற்றதாகிவிடும். சில ஆயிரத்தை மிச்சம் பிடிக்க அடித்தளத்தைப் பணயம் வைப்பது சரியாகப் படவில்லை. பத்திரத்தில் எழுதிய வீதமே கட்டப்பட்டது.

வைப்பீடு 2018 ஜூன் கடைசியில், ஆனி மாதத்தில் செய்யப்பட்டது தற்செயல் அல்ல. பத்திரம் மீட்புக்குக் குறித்த பருவம் அது. நடவு முடிந்தபின் கட்டியிருந்தால் நிற்கும் பயிரைக் காட்டி ஓர் ஆண்டு தள்ளியிருப்பார்கள்.

அறிவிப்பு 2018 செப்டம்பரில் சார்வானது. ஒத்திக்காரர் பணத்தை எடுக்கவில்லை.

வழக்கும் எதிர்வாதமும்

2019 ஜனவரியில் மீட்பு வழக்குத் தாக்கலானது. நிலம் தங்களுடையதே என்று நீதிமன்றம் அறிவிக்கும் விளம்புகை கோரி, சுவாதீனம் கேட்டு வழக்குப் போடும் பழக்கம் சிலரிடம் உண்டு. அதில் நிலத்தின் மதிப்பை வைத்து நீதிமன்றக் கட்டணம் ஏறும். சொத்துரிமையை நிரூபிக்கும் சுமையும் தேவையில்லாமல் தலையில் விழும். மீட்பு வழக்கில் கட்டணம், வழக்குரையில் சொல்லும் அடமானப் பாக்கித் தொகையின் மீது மட்டுமே.

தாய், இளைய மகன், மகள் மூவரும் வாதிகள். மூத்த மகன் சேர மறுத்ததால் அவர் இரண்டாம் பிரதிவாதி ஆக்கப்பட்டார். வாரிசுகளில் ஒருவர் மட்டும்கூட முழு அடமானத்தையும் மீட்கலாம், ஆனால் தன் பங்கை மட்டும் தனியாகப் பிரித்து மீட்க முடியாது. அக்கறை உள்ள எல்லோரும் வழக்கில் ஏதாவது ஒரு பக்கம் இருந்தாக வேண்டும் என்பது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 34 விதி 1. நிலத்தை ஒத்திக்காரர் வேறு யாருக்கும் குத்தகைக்கு விடவில்லை என்பதும் முன்பே உறுதி செய்யப்பட்டது. விட்டிருந்தால் அந்தக் குத்தகைக்காரரையும் சேர்க்க வேண்டியிருக்கும்.

எதிர்வழக்குரையில் ஒத்திக்காரர் முதலில், 2005-ல் வாய்மொழிக் கிரயம் ஆகிவிட்டது, தானே உரிமையாளர் என்றார். அடுத்த பத்தியில், மீட்பதானால் ₹3,91,600 தர வேண்டும் என்றார். அதன் பிரிவு: பத்திரங்களின்படி ₹1,10,400, வெள்ளைத்தாள் கடன் 15,000-க்கு 24 சதவீத வட்டியோடு ₹76,200, ஆழ்துளைக் கிணறு ₹1,80,000, வரப்பு சீரமைப்பு ₹25,000. உரிமையாளர் என்பவர் அடமானப் பாக்கி கேட்பது எப்படி என்ற முரண்பாட்டைக் குறுக்கு விசாரணையில் அவரால் விளக்க முடியவில்லை. அசல் பத்திரங்களைக் கொண்டுவர அறிவிப்புக் கொடுத்தும், தொலைந்துவிட்டன என்றார். சான்றிட்ட நகல்களே சான்றாவணங்களாயின. எழுதிக்கொடுத்ததை யாரும் மறுக்காததால் சாட்சிகளைத் தேட வேண்டியிருக்கவில்லை.

முதல்நிலைத் தீர்ப்பாணை

பெருந்தொற்றுக் காலம் குறுக்கிட்டதால் 2021 நவம்பரில்தான் முதல்நிலைத் தீர்ப்பாணை வந்தது. வாய்மொழிக் கிரயத்தை நீதிமன்றம் ஏற்கவில்லை. ₹100-ம் அதற்கு மேலும் மதிப்புள்ள அசையாச் சொத்தை, அதன் சுவாதீனத்தில் ஏற்கெனவே இருப்பவருக்கே விற்றாலும், பதிவுப் பத்திரம் வேண்டும்.

வெள்ளைத்தாளில் இருந்த கையெழுத்தை வாதிகள் மறுக்கவில்லை. அப்படியும் அது நிலத்தின் மேல் ஏறவில்லை. ₹100 முதல் அதற்கு மேற்பட்ட தொகைக்கான அடமானம், சாட்சியிட்ட பதிவுப் பத்திரமாக இருக்க வேண்டும். பதியாத தாள் அதிகபட்சம் ஒரு சாதாரணக் கைமாற்றுக் கடன். அதற்கான 3 ஆண்டு காலவரையறை எப்போதோ முடிந்துவிட்டது.

கிணற்றுச் செலவைப் பற்றி 63ஏ பிரிவு தெளிவாக இருக்கிறது. அடமானதாரர் செய்த மேம்பாடு மீட்பவருக்கே சேரும், செலவைத் தர வேண்டியதில்லை. சொத்து அழியாமலோ சீரழியாமலோ காக்க, ஈடு போதாமல் போவதைத் தடுக்க, அல்லது அரசு அலுவலரின் சட்டப்படியான உத்தரவால் செய்யப்பட்டது என்று காட்டினால் மட்டுமே தொகை கிடைக்கும். ஆற்றுப் பாசனம் உள்ள வயலில் மூன்றாம் போகத்துக்காகப் போட்ட கிணறு இவற்றில் எதிலும் அடங்கவில்லை. வரப்புச் செலவுக்கு ரசீது இல்லை, பத்திரமே அதை அவர் தலையில் வைத்திருந்தது.

வாதிகள் கேட்டதிலும் ஒன்று மறுக்கப்பட்டது. 1994 முதல் 2018 வரையிலான மகசூல் கணக்கு வேண்டும் என்ற கோரிக்கை 77-வது பிரிவால் விழுந்தது. இது எதிர்பார்த்ததுதான். குடும்பத்தாரின் வற்புறுத்தலால் சேர்க்கப்பட்ட அந்தக் கோரிக்கை, சாட்சியத்தில் பல வாய்தாக்களை விழுங்கியதைத் தவிர எதையும் தரவில்லை.

பாக்கி இவ்வாறு நிர்ணயமானது: அசல் ₹60,000, 1997 ஜூன் முதல் 2018 செப்டம்பர் வரை 21 ஆண்டு 3 மாத வட்டி ₹51,000, ஆக ₹1,11,000. கட்டிய தொகை அதைவிட ₹600 அதிகம். வைப்பீடு செல்லும். 2018 செப்டம்பர் முதல் ஒத்திக்காரர் வரவுக்குக் கணக்குத் தர வேண்டும்.

வரவுக் கணக்கு

இதற்கு, நீதிமன்றத்துக்காக நேரில் ஆய்வு செய்து அறிக்கை தரும் வழக்கறிஞர் ஆணையர் நியமிக்கப்பட்டார். 2022 பிப்ரவரியில் சம்பா அறுவடை முடிந்த வயலில் அவர் ஆய்வு செய்தார். இளைய மகன் இரண்டு போகத்தின் முழு மகசூலையும் கேட்டார். அடமானதாரர் தானே அனுபவிக்கும் நிலத்துக்குச் சட்டம் நியாயமான அனுபவ வாடகையை அளவுகோலாக வைக்கிறது. ஆகவே கேள்வி, இந்த 4 மாவைக் குத்தகைக்கு விட்டால் ஆண்டுக்கு எவ்வளவு வரும் என்பதாகச் சுருங்கியது.

ஒத்திக்காரர் மாவுக்கு 3 மூட்டை என்றார், வாதிகள் 8 என்றார்கள். வாய்ச்சொல்லுக்குப் பதில், அதே பாசன வாய்க்காலில் உள்ள கோயில் நிலத்தின் குத்தகைப் பதிவேட்டு நகலும் பக்கத்து வயல்களின் குத்தகை ரசீதுகளும் தாக்கல் செய்யப்பட்டன. அவற்றைப் பார்த்து ஆணையர் மாவுக்கு ஆண்டுக்கு 60 கிலோ மூட்டை 5 என்று வைத்தார். 4 மாவுக்கு 20 மூட்டை, 12 குவிண்டால். விலைக்குச் சாதாரண ரக நெல்லின் மத்திய அரசு ஆதரவு விலை எடுக்கப்பட்டது: குவிண்டாலுக்கு 2018-19-ல் ₹1,750, 2019-20-ல் ₹1,815, 2020-21-ல் ₹1,868, 2021-22-ல் ₹1,940. மாநில ஊக்கத்தொகை சேர்க்கப்படவில்லை. நான்கு ஆண்டுக்கும் சேர்த்து ₹88,476. உழவு, உரம், கிஸ்தி என்று கழிவு கேட்ட மனு 76(i)-ஐக் காட்டி நிராகரிக்கப்பட்டது.

2018 செப்டம்பரில் ஒரு மனுவோடு ₹1,11,000-ஐ எடுத்திருக்க வேண்டியவருக்கு, வரவைக் கழித்துக் கடைசியில் கிடைத்தது ₹22,524. மீதி ₹89,076 வாதிகளுக்குத் திரும்பியது. ஆணையர் அறிக்கை வந்த பிறகு, தாக்கல் செய்து வைத்திருந்த மேல்முறையீட்டை ஒத்திக்காரர் திரும்பப் பெற்றார்.

இறுதித் தீர்ப்பாணையும் சுவாதீனமும்

2022 மே மாதம் இறுதித் தீர்ப்பாணை. ஜூனில் நீதிமன்ற ஊழியரான அமீனா மூலம் சுவாதீனம் எடுக்கப்பட்டது. அன்று காலை போய்ப் பார்த்தபோது கிணற்றில் நீர்மூழ்கி மோட்டாரும் குழாய்களும் இல்லை, மின் பலகை கழற்றப்பட்டிருந்தது, உறைக்குழாயின் வாய் மட்டும் சாக்கு கட்டி விடப்பட்டிருந்தது. மேம்பாடு மீட்பவருக்கு என்று தீர்ப்பில் இருந்தாலும் எந்தெந்தப் பொருள் என்ற பட்டியல் இல்லாததால், அதைத் துரத்திப் போவதில் பயன் இல்லை என்று விடப்பட்டது.

இறுதித் தீர்ப்பாணையின் சான்றிட்ட நகல் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்யப்பட்டது. இது விடுபட்டால் வில்லங்கச் சான்றில் இரண்டு அடமானமும் உயிரோடு இருப்பதுபோலவே தெரியும். வங்கியோ வாங்குபவரோ திருப்பி அனுப்புவார்கள். வழக்கில்லாமல் சமாதானமாக மீட்பவர்களும் இங்கேதான் தவறுகிறார்கள். பத்திரத்தின் பின்புறம் "தொகை வரப்பெற்றேன்" என்று எழுதி வாங்கினால் பணம் கொடுத்ததற்கு அது சான்று. அடமானமே தீர்ந்தது என்று சொல்லும் ரசீது என்றால் பதிவாக வேண்டும். மீட்பவர் செலவில் அப்படி எழுதிப் பதிந்து தரச் சொல்லும் உரிமை 60-வது பிரிவில் இருக்கிறது. பிறகு அடங்கலில் பெயர் மாற்றத்துக்கும் வாரிசுகள் பெயரில் பட்டாவுக்கும் வட்டாட்சியரிடம் மனுத் தரப்பட்டது.

மாற்றிச் செய்ய வேண்டியவை

வைப்பீட்டை 2018-ல் செய்தது சரி, ஆனால் தாமதம். 1999-லேயே கெடு முடிந்துவிட்டது. மேலொத்தி வட்டி ₹51,000-ல் ஏறக்குறைய பாதி உரிமையாளர் இறந்தபின் யாரும் பத்திரத்தைப் புரட்டிப் பார்க்காத ஆண்டுகளுடையது. 2009 ஜூனில் கட்டியிருந்தால் 12 ஆண்டு வட்டி ₹28,800-தான்.

கட்டிய பணம் ஏறக்குறைய நான்கு ஆண்டு நீதிமன்றக் கணக்கில் சும்மா கிடந்தது. வங்கி நிரந்தர வைப்பில் போடும்படி தனி மனுக் கொடுத்திருக்க வேண்டும். கேட்காமல் தானாக நடப்பதில்லை. இடையில் பணமுடை வந்தபோது அதைத் திரும்ப எடுக்கலாமா என்று குடும்பத்தார் கேட்டதுண்டு. எடுத்திருந்தால் அந்த நாளிலிருந்து வட்டி மறுபடி ஓடத் தொடங்கியிருக்கும், வரவுக் கணக்கின் அடிப்படையும் போயிருக்கும்.

1994 முதலான மகசூல் கணக்குக் கோரிக்கையை வழக்குரையில் சேர்க்கக் கூடாது. பத்திரத்தில் "வட்டிக்குப் பதில்" என்ற வாசகம் இல்லாத ஒத்திகளில் அதுவே முதன்மைக் கோரிக்கையாக இருக்க வேண்டும். அங்கே சில சமயம் பாக்கியே இல்லாமல், அடமானதாரர் திருப்பித் தர வேண்டிய நிலையும் வரும்.

கிணறு, மோட்டார், மின் இணைப்பு எண், குழாய் நீளம், தென்னை மரங்கள் ஆகியவற்றின் நிலையை வழக்குத் தாக்கலான உடனேயே ஆணையர் நியமனம் கேட்டுப் புகைப்படத்தோடு பதிவு செய்ய வேண்டும். இந்த வழக்கில் ஆணையர் வந்தது மூன்று ஆண்டு கழித்து, அதுவும் வரவுக் கணக்குக்காக மட்டும்.